கோல்ட்ஃபுட்டில் ஏன் 34 பேர் மட்டும்?

அலாஸ்காவில் ஃபேர்பேங்க்ஸ் நகரத்திலிருந்து வடக்கே 417 கிலோமீட்டர் போனால், ஆர்க்டிக் வட்டத்தையும் தாண்டி, டால்டன் ஹைவேயின் 175-ஆவது மைலில் கோல்ட்ஃபுட் வருகிறது. ஊர் என்று சொல்வதே கொஞ்சம் தாராளம்தான். ஒரு டிரக் ஸ்டாப், அதை ஒட்டி ஒரு சாப்பாட்டுக்கூடம், வரிசையாக நிற்கும் பெட்டி பெட்டியான விடுதி அறைகள், மாநிலச் சாலைத்துறையின் பராமரிப்பு முகாம், சின்ன விமானங்கள் இறங்க ஒரு சரளைக்கல் ஓடுதளம், கோடையில் மட்டும் திறந்திருக்கும் ஓர் அரசுத் தகவல் மையம். அவ்வளவுதான். 2010 கணக்கெடுப்பில் 10 பேர் இருந்தார்கள், 2020-இல் 34 பேர். மூன்று மடங்கு வளர்ச்சி என்று யாராவது பெருமைப்பட்டுக்கொள்ளலாம், ஆனால் டிரக் ஸ்டாப்பிலும் சாலை முகாமிலும் அந்தச் சமயத்தில் எத்தனை பேர் வேலைக்கு இருந்தார்கள் என்பதைப் பொறுத்து ஏறி இறங்குகிற எண்ணிக்கை அது.

இந்த இடத்தைப் பற்றி எழுதுகிறவர்கள் பெரும்பாலும் குளிரில் ஆரம்பித்துக் குளிரிலேயே முடித்துவிடுகிறார்கள். குளிர் நிஜம்தான், மறுக்க முடியாது. அமெரிக்காவில் இதுவரை பதிவான மிகக் குறைந்த வெப்பநிலை, மைனஸ் 62.2 டிகிரி செல்சியஸ், இங்கிருந்து தெற்கே 65 கிலோமீட்டர் தள்ளி ப்ராஸ்பெக்ட் க்ரீக் என்ற முகாமில் 1971 ஜனவரி 23 அன்று அளக்கப்பட்டது. ஆனால் ஊர் சின்னதாக இருப்பதற்குக் குளிர்தான் காரணம் என்றால் ஒரு கணக்கு உதைக்கிறது. 1902-இல் இதே இடத்தில் வழிப்போக்கர் விடுதி இரண்டு, கடை இரண்டு, சூதாட்டக்கூடம் ஒன்று, மதுக்கடை ஏழு இருந்தன. ஏழு! அப்போதும் இதே குளிர்தான், சாலை கிடையாது, டீசல் ஜெனரேட்டர் கிடையாது. இன்றைக்கு ஹைவே ஊர் நடுவே போகிறது, வருஷம் முழுக்க லாரி வருகிறது, ஆட்கள் மட்டும் இல்லை. ஆக, காரணத்தை வேறெங்கோ தேட வேண்டும். என் கணிப்பில் அது இரண்டு இடத்தில் இருக்கிறது: இந்த ஹைவே யாருக்காகப் போடப்பட்டது என்பதில் ஒன்று, அதைச் சுற்றியுள்ள நிலம் யார் கையில் இருக்கிறது என்பதில் இன்னொன்று.

முதலில் தங்கக் கதை, சுருக்கமாக. 1898 வாக்கில் கனடாவின் க்ளாண்டைக் பக்கம் தங்கம் தேடி ஓடிய கூட்டத்தில், அங்கே இடம் கிடைக்காதவர்கள் அலாஸ்காவின் ஆறுகள் வழியாக மேலே மேலே போனார்கள். ஒரு கூட்டம் கோயுகுக் ஆற்றில் வந்து சேர்ந்தது. யூகான் ஆற்றில் நீராவிப் படகு, அங்கிருந்து கோயுகுக்கில் பெட்டல்ஸ் வரை இன்னொரு படகு, அதற்கு மேல் ஆழம் கிடையாது என்பதால் தட்டையான தோணியைக் குதிரை கட்டி இழுத்துத்தான் சரக்கு வரும். அப்படி வந்தவர்களில் பலர் ஸ்லேட் க்ரீக் ஓடை கோயுகுக்கில் கலக்கிற இந்த இடம் வரைக்கும் வந்துவிட்டு, வரப்போகிற குளிர்காலத்தை நினைத்து வெலவெலத்துப்போய்த் திரும்பிவிட்டார்களாம், அதனால்தான் இந்தப் பெயர் என்பது பரவலாகச் சொல்லப்படும் கதை. (பெயரில் வரும் கோல்ட் தங்கம் இல்லை, குளிர்.) திரும்பாதவர்கள் பக்கத்து ஓடைகளில் தங்கம் எடுத்தார்கள், 1902-இல் தபால் நிலையம் வந்தது, கூடவே அந்த ஏழு மதுக்கடைகளும். பிறகு வடக்கே நோலன் க்ரீக் பக்கமும் ஹாமண்ட் ஆற்றுப் பக்கமும் இன்னும் நல்ல தங்கம் கிடைத்தது, மொத்த ஊரும் அந்தப் பக்கம் நகர்ந்து வைஸ்மன் என்ற குடியிருப்பானது. 1912-இல் கோல்ட்ஃபுட் தபால் நிலையத்தை மூடினார்கள். அடுத்த அறுபது வருஷம் இந்த இடத்தில் சொல்லிக்கொள்கிறபடி எதுவும் இல்லை.

இரண்டாவது பிறப்புக்குக் காரணம் எண்ணெய். 1968-இல் ஆர்க்டிக் கடலோரம் ப்ரூடோ பேயில் எண்ணெய் கண்டுபிடித்தார்கள், வட அமெரிக்காவிலேயே மிகப் பெரிய எண்ணெய் வயல். எடுத்துவிடலாம், வெளியே கொண்டுவருவது எப்படி? வருஷத்தில் பெரும்பகுதி கடல் உறைந்து கிடக்கும், கப்பல் சரிப்படாது. தெற்கே வால்டெஸ் துறைமுகம் வரை 1,287 கிலோமீட்டருக்குக் குழாய் போடுவது என்று முடிவானது. ஜப்பானிலிருந்து குழாய்கள்கூட வந்து இறங்கிவிட்டன, ஆனால் வேலை ஆரம்பிக்கவில்லை. குழாய் போகிற நிலம் எங்களுடையது என்று பூர்வகுடிகள் கேட்டார்கள், சுற்றுச்சூழல் அமைப்புகள் கோர்ட்டுக்குப் போயின, வருஷக்கணக்கில் குழாய்கள் வெயிலிலும் பனியிலும் கிடந்தன. 1971-இல் பூர்வகுடிகளின் நில உரிமைக்குத் தனிச் சட்டம் போட்டார்கள். 1973 அக்டோபரில் அரபு நாடுகள் எண்ணெயை நிறுத்தியதும் அமெரிக்காவில் பெட்ரோல் பங்குகளில் வரிசை நின்றது, அடுத்த மாதமே, நவம்பர் 16 அன்று, பைப்லைனுக்கு அனுமதி தரும் சட்டத்தில் நிக்ஸன் கையெழுத்துப் போட்டுவிட்டார். அவசரம் வந்தால் எதுவும் நடக்கும்.

குழாய் போட வேண்டுமானால் முதலில் சாலை வேண்டும், அதுதான் இன்றைய டால்டன் ஹைவே. ஃபேர்பேங்க்ஸுக்கு வடக்கே உள்ள லிவன்குட்டிலிருந்து யூகான் ஆறு வரையான 90 கிலோமீட்டர் ஏற்கெனவே 1969, 70-இல் போட்டு முடித்தது. அதற்கு மேல் ப்ரூடோ பே வரை 576 கிலோமீட்டர், 1974 ஏப்ரல் 29-இல் ஆரம்பித்து செப்டம்பர் 29-இல் முடித்தார்கள். 154 நாள். வழக்கமாக நாம் சாலை என்று நினைக்கிற விதத்தில் இதைப் போடவில்லை, அங்கே போடவும் முடியாது. மேலே பாசியும் புல்லும் மூடிய ஒரு மெல்லிய அடுக்கு, அதற்குக் கீழே ஆயிரக்கணக்கான வருஷமாக உறைந்தே கிடக்கும் மண். அந்த மேல் அடுக்கைச் சுரண்டிவிட்டால் கோடையில் கீழே உள்ள பனி உருகி, மண் சேறாகி, சாலை அமுங்கிவிடும். அதனால் தோண்டாமல், இருக்கிற தரையின் மேலேயே கனமாகச் சரளையைக் கொட்டி மேடாக்கினார்கள், அந்தச் சரளைதான் கீழே வெப்பம் இறங்காமல் காக்கும் போர்வை. மொத்தம் சுமார் 2.4 கோடி கன மீட்டர் சரளை. குழாயிலும் இதே பிரச்சினைதான்: நிலத்துக்கு அடியிலிருந்து வருகிற எண்ணெய் சூடாக இருக்கும், அதைப் புதைத்தால் சுற்றியுள்ள மண் உருகும். அதனால் பாதிக்கு மேல் தூரம் குழாயைக் கால் நாட்டி அதன்மேல் தூக்கி வைத்திருக்கிறார்கள், பல கால்களுக்குள் அமோனியா அடைத்த குழல்கள், மண்ணில் சேரும் வெப்பத்தைக் குளிர்காலத்தில் மேலே கொண்டுபோய் வெளியே விட்டுவிடும். ஹைவேயில் போகிறவர்களுக்கு இந்தக் குழாய் ஏறக்குறைய வழி முழுக்கக் கூடவே வரும்.

அப்படிக் குழாய் போடும்போது வழியெங்கும் இருபத்தொன்பது தொழிலாளர் முகாம்கள் அமைத்தார்கள். அதில் ஒன்று கோல்ட்ஃபுட். 1977-இல் எண்ணெய் ஓட ஆரம்பித்ததும் முகாம்களின் வேலை முடிந்தது, ஆட்கள் போய்விட்டார்கள். இரண்டாம் முறையும் ஊர் காலி.

இங்கேதான் நில விவகாரம் வருகிறது, எனக்கு இந்தக் கதையில் பிடித்த பகுதியும் இதுதான், ஏனென்றால் பயணக் குறிப்புகளில் இதை யாரும் தொடுவதில்லை.

1971 டிசம்பரில், பூர்வகுடிகள் சட்டம் வந்த கையோடு, அமெரிக்க உள்துறை ஒரு வேலை செய்தது. குழாயும் சாலையும் வரப்போகிற பாதையின் இரண்டு பக்கமும் அகலமான ஒரு பட்டை நிலத்தைத் தனியாக ஒதுக்கி வைத்தது. மாநில அரசோ, பூர்வகுடி நிறுவனங்களோ, தனியாரோ அதில் கை வைக்கக் கூடாது, போக்குவரத்துக்கும் குழாய்க்கும் மட்டும். அந்தப் பட்டையை நிர்வகிப்பது மத்திய அரசின் நில மேலாண்மை ஆணையம். அதற்கு வெளியே போனால் நிலம் கிடைக்குமா என்றால் அதுவும் இல்லை. 1980 டிசம்பர் 2 அன்று கார்ட்டர் கையெழுத்துப் போட்ட அலாஸ்கா நிலச் சட்டத்தில் மேற்குப் பக்கம் முழுக்க கேட்ஸ் ஆஃப் தி ஆர்க்டிக் தேசியப் பூங்காவானது (உள்ளே ஒரு சாலை, ஓர் ஒற்றையடிப் பாதைகூடப் போடப்படாத பூங்கா), தென்மேற்கே கனூட்டி வனவிலங்குக் காப்பகம், கிழக்கே ஆர்க்டிக் வனவிலங்குக் காப்பகம். நடுவில் ஒரு பட்டை, இரண்டு பக்கமும் வேலி மாதிரி காப்பகங்கள். பட்டைக்குள் கடை வைக்கலாமா? வைக்கலாம், ஆனால் நினைத்த இடத்தில் இல்லை, ஆணையம் குறித்துக்கொடுத்த ஒருசில புள்ளிகளில் மட்டும். கோல்ட்ஃபுட் அப்படிக் குறிக்கப்பட்ட புள்ளி. யூகான் பாலத்துப் பக்கம் இன்னொன்று.

சரி, இதன் விளைவு என்ன என்று யோசித்துப் பாருங்கள். உலகத்தில் வேறு எங்கேயும் ஒரு ஹைவே போட்டால், முதல் வருஷம் ஒரு டீக்கடை, இரண்டாம் வருஷம் பஞ்சர் கடை, பத்து வருஷத்தில் ஒரு சந்தை என்று சாலையோரம் தானாக ஊர் முளைக்கும். இங்கே 666 கிலோமீட்டர் சாலையில் அது நடக்கவில்லை. வேலைக்கு வந்தவர் வேலை போனால் இருக்க முடியாது, ஏனென்றால் வீடு கட்ட ஒரு மனைகூட வாங்கக் கிடைக்காது. கோல்ட்ஃபுட்டில் இருக்கிறவர்கள் ஏறக்குறைய எல்லாருமே அங்கே இருக்கிற ஒரு நிறுவனத்துக்கோ அரசுத் துறைக்கோ வேலை பார்க்கிறவர்கள். சொந்த ஊர் என்று சொல்லிக்கொள்ள அங்கே யாருக்கும் அடிமண் இல்லை. இதைக் குறையாகச் சொல்லவில்லை, அந்தக் காப்பகங்கள் இருப்பதால்தான் அவ்வளவு பெரிய நிலப்பரப்பு இன்னும் அப்படியே இருக்கிறது. ஆனால் ஊர் ஏன் 34 பேரோடு நிற்கிறது என்ற கேள்விக்குப் பதில் தெர்மாமீட்டரில் இல்லை, நில வரைபடத்தில் இருக்கிறது.

இருந்தும் அந்த 34 பேர் எப்படி வந்தார்கள்? 1981 வரை யூகான் ஆற்றுக்கு மேலே பொதுமக்கள் போக அனுமதி கிடையாது, எண்ணெய் வயலுக்குச் சரக்கு கொண்டுபோகிற லாரிகள் மட்டும்தான். டிரைவர்களுக்குச் சாலையில் நின்று சாப்பிட இடம் இல்லை. அந்த வருஷம் டிக் மேக்கி என்பவர் ஒரு பழைய பள்ளிப் பேருந்தைக் கோல்ட்ஃபுட்டில் கொண்டுவந்து நிறுத்தி, உள்ளே அடுப்பு வைத்து, டிரைவர்களுக்கு ஹாம்பர்கர் விற்க ஆரம்பித்தார். மேக்கி சாதாரண ஆள் இல்லை. 1978-இல் இடிடராட் என்ற நாய்ச்சறுக்கு வண்டிப் பந்தயத்தில், இரண்டு வாரத்துக்கு மேல் பனியில் ஓடி, ஒரே ஒரு விநாடி வித்தியாசத்தில் ஜெயித்தவர். முன்னால் ஓடிய நாயின் மூக்கு கோட்டைத் தாண்டியதை வைத்து வெற்றியைத் தீர்மானித்தார்கள். அப்பாவுக்குப் பிறகு அவருடைய மகன்கள் ரிக்கும் லான்ஸும்கூட அந்தப் பந்தயத்தை ஜெயித்தார்கள், லான்ஸ் தொடர்ந்து நான்கு தடவை.

பேருந்துக் கடை நன்றாகப் போனது. கட்டடம் கட்டலாம் என்றால் மரம் எங்கே கிடைக்கும்? வடக்கே சரக்கு இறக்கிவிட்டு வெறுமனே திரும்புகிற டிரைவர்கள், சரக்கு அடைத்து வந்த மரப்பெட்டிகளின் பலகைகளைக் கொண்டுவந்து இறக்கினார்கள். ஓய்வு நேரத்தில் அவர்களே சுத்தியலும் கையுமாக நின்று கட்டவும் செய்தார்கள். இன்றைக்கும் அந்தச் சாப்பாட்டுக்கூடத்தின் நடுவில் நிற்கிற மரத்தூணில், அன்று கூட நின்று கட்டிய டிரைவர்களின் பெயர்கள் செதுக்கியிருக்கின்றன. விடுதி அறைகளும் புதிதாகக் கட்டியதில்லை, பைப்லைன் தொழிலாளர்கள் படுத்துக் கிடந்த அதே முகாம் பெட்டிகள்தான், நகர்த்தி வைத்துச் சரிசெய்தவை. சாலை போட வந்த முகாமின் மிச்சத்தில், சாலையில் ஓடுகிறவர்கள் தங்களுக்காகக் கட்டிக்கொண்ட இடம் என்று சொல்லலாம். உலகத்தின் வடகோடி டிரக் ஸ்டாப் என்று போர்டு வைத்துக்கொள்கிறார்கள், அதை யார் போய்ச் சரிபார்க்கப் போகிறார்கள்.

இடம் மட்டும் தற்செயல் இல்லை. தெற்கே ஃபேர்பேங்க்ஸ் 417 கிலோமீட்டர், வடக்கே எண்ணெய் வயலின் வாசலான டெட்ஹார்ஸ் 385 கிலோமீட்டர். ஏறக்குறைய சரிபாதி. வடக்கே போகிறவர் இங்கே டேங்கை நிரப்பாவிட்டால் அடுத்த பங்க் டெட்ஹார்ஸில்தான், நடுவில் ஒரு சொட்டு எண்ணெய் கிடைக்காது (குழாயில் கோடிக்கணக்கில் பக்கத்திலேயே ஓடிக்கொண்டிருக்கும், அது வேறு விஷயம்). அதோடு, கோல்ட்ஃபுட்டைத் தாண்டி 110 கிலோமீட்டரில் புரூக்ஸ் மலைத்தொடரைக் கடக்கிற அட்டிகன் கணவாய், 1,400 மீட்டருக்கு மேல் உயரம், செங்குத்தான ஏற்றம், பனிச்சரிவு அபாயம். அதில் ஏறுவதற்கு முன் ஒரு வாய் சாப்பிட்டு, கொஞ்சம் கண்ணயர்ந்து, சக்கரத்துக்குச் சங்கிலியை எடுத்து வைத்துக்கொண்டு போவது புத்திசாலித்தனம். எதிர்ப்பக்கமிருந்து வருகிறவருக்கு மலை இறங்கியதும் கண்ணில் படுகிற முதல் வெளிச்சமான ஜன்னல் இதுதான்.

குளிர்காலத்தில்தான் இங்கே கூட்டம் என்பது பலருக்கு ஆச்சரியமாக இருக்கும். கோடையில் நாளைக்குச் சுமார் 160 லாரி என்றால் குளிர்காலத்தில் 250. காரணம் எளிது. எண்ணெய் வயலில் புதிதாகத் துளைபோட்டுப் பார்க்கிற வேலைக்கு ஈரமான தரைமேல் கனரக வண்டி ஓட்ட முடியாது, அனுமதியும் கிடையாது. தரை உறைந்து இறுகி, தண்ணீர் ஊற்றிப் பனிச்சாலை போட்ட பிறகுதான் வேலை ஆரம்பிக்கும். அதற்கான குழாய், இரும்பு, ரசாயனம், எரிபொருள் எல்லாம் டால்டன் வழியாக வர வேண்டும். இன்னொன்றும் உண்டு: கோடையில் இந்தச் சாலை குண்டும் குழியும் புழுதியுமாக, எதிரே வருகிற லாரி தெறிக்கவிடும் கல்லில் கண்ணாடி விரிசல் விடுகிற சாலை. பனி விழுந்து இறுகினால் குழியெல்லாம் மூடி வழவழப்பாகிவிடும், அனுபவசாலி டிரைவர்கள் குளிர்காலச் சாலையைத்தான் விரும்புகிறார்கள். மைனஸ் 40-இல் டீசல் கட்டிபட்டுவிடும் என்பதால் சாப்பிட உள்ளே போகும்போது எஞ்சினை அணைக்க மாட்டார்கள், வெளியே ஒரு வரிசை லாரி ஆளில்லாமல் உறுமிக்கொண்டே நிற்கும். வளைவுகளிலும் மேடுகளிலும் எதிரே ஆள் தெரியாது, ரேடியோவில் "வடக்கே போகிற லாரி, பீவர் ஸ்லைடு இறங்குகிறேன்" என்று சொல்லிவிட்டுத்தான் இறங்குவார்கள். வேகக் கட்டுப்பாடு மணிக்கு 80 கிலோமீட்டர். பல வாடகைக் கார் நிறுவனங்கள் இந்தச் சாலையில் ஓட்டவே கூடாது என்று ஒப்பந்தத்தில் எழுதி வாங்கிக்கொள்கின்றன.

இந்தச் சாலை எப்போதும் திறந்திருக்கும் என்பதும் உத்தரவாதமில்லை. 2015 வசந்தத்தில் வடக்கே சாகவனிர்க்டோக் ஆறு அடுக்கடுக்காக உறைந்து, பிறகு வெள்ளமாகச் சாலைமேல் ஏறி, ஹைவே வாரக்கணக்கில் மூடிக் கிடந்தது, ஆளுநர் பேரிடர் என்று அறிவித்தார். கோல்ட்ஃபுட்டுக்கு வடக்கே மலைச்சரிவுகளில் மண்ணும் கல்லும் பனியும் மரமுமாக உறைந்த பெரும் மேடுகள் மெல்ல மெல்லச் சாலையை நோக்கி ஊர்ந்து வருகின்றன. அதில் ஒன்று ரொம்பப் பக்கத்தில் வந்துவிட்டதால் சாலையையே தள்ளி வைத்துப் போட வேண்டியதாயிற்று. பூமி சூடாகச் சூடாக அவை வேகமாக நகர்கின்றன, சரளைப் போர்வைக்குக் கீழேயும் மண் இளகுகிறது. அடுத்த முப்பது வருஷத்தில் இந்த ஹைவேக்கு எண்ணெய் விலையைவிடப் பெரிய செலவாக இருக்கப்போவது இதுதான் என்று எனக்குத் தோன்றுகிறது.

கோல்ட்ஃபுட்டைப் புரிந்துகொள்ள அதன் பக்கத்து ஊரையும் பார்க்க வேண்டும். பக்கத்து ஊர் என்றால் 22 கிலோமீட்டர் வடக்கே, ஹைவேயிலிருந்து கொஞ்சம் உள்ளே தள்ளி இருக்கிற வைஸ்மன். தங்கத்தின் பின்னால் கோல்ட்ஃபுட்டைவிட்டுப் போனவர்கள் உண்டாக்கிய ஊர். 1925-இல் நோயல் வீன் என்ற விமானி இங்கே விமானத்தை இறக்கினார், ஆர்க்டிக் வட்டத்துக்கு மேலே விமானம் போனதில் அது ஆரம்பகால நிகழ்வு. 1930-இல் பாப் மார்ஷல் என்ற வனத்துறை ஆராய்ச்சியாளர் வந்து ஒரு வருஷத்துக்கு மேல் தங்கி, சுற்றுவட்டாரத்தில் இருந்த 127 பேரையும், வெள்ளைக்காரத் தங்கத்தொழிலாளிகள், இனுபியா பூர்வகுடிகள் எல்லாரையும், என்ன சம்பாதிக்கிறார்கள், எதைப் பற்றிப் பேசுகிறார்கள், எப்படி நடனம் ஆடுகிறார்கள் என்று ஒன்று விடாமல் குறித்து ஒரு புத்தகம் எழுதினார். விற்பனையில் வந்த பணத்தை ஊர்க்காரர்களோடு பகிர்ந்துகொள்ளவும் செய்தார். கேட்ஸ் ஆஃப் தி ஆர்க்டிக் என்ற பெயரும், இரண்டு மலைகள் எதிரெதிரே வாசல் மாதிரி நிற்பதைப் பார்த்து அவர் வைத்ததுதான்.

வைஸ்மனும் ஆள்கணக்கில் சின்னதுதான், 2010-இல் 14 பேர். ஆனால் அது ஊர். பைப்லைனுக்கு ரொம்ப முன்பே இருந்த குடியிருப்பு என்பதால் சிலருக்குச் சொந்த நிலம் இருக்கிறது, பழைய மரக்கட்டை வீடுகளை இழுத்துப் பிடித்து வைத்திருக்கிறார்கள், தோட்டம் போடுகிறார்கள், வேட்டையாடியும் பொறி வைத்தும் பாதி வாழ்க்கையை ஓட்டுகிறார்கள். பக்கத்திலுள்ள தேசியப் பூங்காவில் பரம்பரையாக வேட்டையாடிப் பிழைக்கிற உரிமை பெற்ற ஊர்களின் பட்டியலில் வைஸ்மன் உண்டு, கோல்ட்ஃபுட் கிடையாது. சட்டத்தின் கண்ணில்கூட ஒன்று மக்கள் வாழ்கிற இடம், இன்னொன்று வண்டி நிற்கிற இடம்.

எண்ணெய்ப் பக்கம் 1988-இல் நாளைக்கு ஏறக்குறைய 20 லட்சம் பீப்பாய் ஓடியது இப்போது 5 லட்சத்துக்கும் கீழே வந்துவிட்டது. அப்படியானால் கோல்ட்ஃபுட்டும் நாலில் ஒரு பங்காகச் சுருங்கியிருக்க வேண்டுமே? இல்லை. ஏனென்றால் கோல்ட்ஃபுட்டுக்கு எண்ணெயால் நேரடியாக ஒரு பைசா கிடையாது, அது குழாயில் நேரே போய்விடுகிறது. வடக்கே போகிற சரக்கில்தான் அதற்குச் சோறு. பழைய கிணறுகளைப் பராமரிக்கவும், புதிய கிணறு தோண்டவும், அங்கே இருப்பவர்கள் சாப்பிடவும் சரக்கு போய்க்கொண்டேதான் இருக்கிறது. அதோடு, 1981-இல் சாலையை 211-ஆவது மைல் வரைக்கும், 1994-இல் முழுக்கவும் பொதுமக்களுக்குத் திறந்துவிட்ட பிறகு சுற்றுலாவும் சேர்ந்துகொண்டது. கோடையில் ஆர்க்டிக் வட்டத்தின் போர்டுக்கு முன்னால் படம் எடுத்துக்கொண்டு மேலே வருகிறவர்கள், மோட்டார் சைக்கிளில் வருகிறவர்கள், பூங்காவுக்குள் சின்ன விமானத்தில் போகிறவர்கள். குளிர்காலத்தில் துருவ ஒளி பார்க்க வருகிறவர்கள். டிசம்பரில் சுற்றியுள்ள மலைகள் சூரியனை மறைத்துவிடும், வானம் நீண்ட நேரம் இருட்டாக இருக்கும், பக்கத்தில் நகர வெளிச்சம் கிடையாது, துருவ ஒளி பார்க்க இதைவிட வசதியான இடம் கிடைப்பது கஷ்டம். டிரைவர்களுக்காகக் கட்டிய கூடத்தில் இன்றைக்குப் பக்கத்து மேசையில் கேமராவும் முக்காலியும் வைத்துக்கொண்டு சுற்றுலாக்காரர்கள் உட்கார்ந்திருக்கிறார்கள்.

இனி வரப்போகிற விஷயம் ஆம்ப்ளர் சாலை. கோல்ட்ஃபுட்டுக்குத் தெற்கே 22 கிலோமீட்டரில், 161-ஆவது மைலில், டால்டனிலிருந்து பிரிந்து மேற்கே 340 கிலோமீட்டர் போய் ஆம்ப்ளர் பகுதியின் செம்பு, துத்தநாகப் படிவுகளைத் தொடுவதாகத் திட்டம். 2020-இல் மத்திய அரசு அனுமதி கொடுத்தது, 2024-இல் பைடன் அரசு மறுத்தது, 2025 அக்டோபரில் டிரம்ப் மறுபடி அனுமதிக்க உத்தரவிட்டதோடு அந்தச் சுரங்க நிறுவனம் ஒன்றில் அரசே 10 சதவீதப் பங்கு வாங்குவதாகவும் அறிவித்தார். பாதையில் ஒரு பகுதி கேட்ஸ் ஆஃப் தி ஆர்க்டிக் காப்பு நிலத்துக்குள்ளேயே போகிறது. அதற்கு வழி விடத்தான் வேண்டும் என்று 1980 சட்டத்திலேயே எழுதி வைத்திருக்கிறார்கள். அந்தப் பக்கத்துப் பூர்வகுடிக் கிராமங்கள் பலவும் இதை எதிர்க்கின்றன, கேரிபூ மான் கூட்டம் நடமாடுகிற வழியைச் சாலை அறுத்துவிடும் என்பது அவர்களுடைய பெரிய கவலை. சுரங்க லாரிகள் மட்டும்தான், பொதுமக்களுக்குத் திறக்க மாட்டோம் என்று திட்டக்காரர்கள் உறுதி சொல்கிறார்கள். எதிர்க்கிறவர்கள் அதற்குக் காட்டுகிற உதாரணம் டால்டன் ஹைவே. அதுவும் எண்ணெய் லாரிகளுக்கு மட்டும் என்றுதான் ஆரம்பித்தது, இருபதே வருஷத்தில் முழுக்கத் திறந்துவிட்டது.

சாலை வந்தால் கோல்ட்ஃபுட்டில் டீசல் விற்பனை கூடும், சாப்பாட்டுக்கூடத்தில் இன்னும் கொஞ்சம் ஆள் வேலைக்கு வைப்பார்கள். ஊர் பெருகும் என்று நான் எதிர்பார்க்கவில்லை. டெட்ஹார்ஸில் நடக்கிற மாதிரி சுரங்க ஆட்களும் சில வாரம் வேலை, சில வாரம் வீடு என்று விமானத்தில் வந்துபோவார்கள், குடும்பம் ஃபேர்பேங்க்ஸிலோ ஆங்கரேஜிலோ இருக்கும். நிலம் விற்பனைக்கு வராத வரைக்கும் 2030 கணக்கெடுப்பில் 34 என்பது 50 ஆகலாம், 20-ஆகவும் ஆகலாம், டிரக் ஸ்டாப்பில் அன்றைக்கு எத்தனை பேர் ஷிஃப்டில் இருக்கிறார்கள் என்பதைப் பொறுத்தது.